ரஷ்ய அணியில் வேறு நிறச் சட்டை போட்டிருப்பவர் யார்?

மாடிவீடு கேட்கிறார்:

வணக்கம். எனக்கு வாலிபாலில் ஒன்றும் தெரியாது. மகளுக்காகக் கேட்கிறேன்.

பத்தாம் வகுப்புப் படிக்கிறாள். போன வருடம் வரை நெட்டோரம் நின்று அடித்துக்கொண்டிருந்தாள். இந்த ஆண்டு கூட ஆடும் பெண்களெல்லாம் மளமளவென்று வளர்ந்துவிட்டார்கள். இவள் போன வருட உயரத்திலேயே நிற்கிறாள். இரண்டு மாதத்துக்கு முன்னால் பயிற்சியாளர் கூப்பிட்டு, "இனிமேல் நீ லிபரோ" என்று சொல்லிவிட்டார். பின்வரிசையில் மட்டும் நின்று பந்தை எடுக்கிறவராம். லிபரோவுக்கு வேறு நிறச் சட்டை வேண்டுமாம். இவர்களிடம் இருப்பது நீலச் சட்டை மட்டும். அதனால் பையன்கள் அணியிலிருந்து ஒரு மஞ்சள் சட்டையை வாங்கிக் கொடுத்திருக்கிறார்கள். கை முழங்கையைத் தாண்டித் தொங்குகிறது. ஆடிவிட்டு வந்து அதைக் கழற்றி வாளிக்குள் எறிகிற வேகத்திலேயே தெரியும், அவளுக்கு அதன்மேல் எவ்வளவு கோபம் என்று.

ஒரு வாரமாக இரவில் பழைய ஆட்டங்களைப் போனில் பார்க்கிறாள். 2004 ஏதென்ஸ் ஒலிம்பிக் பெண்கள் இறுதியாட்டம், ரஷ்யாவும் சீனாவும். நேற்று என்னை எழுப்பிக் காட்டினாள். "கமோவா கமோவா என்றே சொல்கிறார்களே, பின்னால் வேறு நிறச் சட்டையில் ஓடுகிறவர் யார் அம்மா? அவருக்குப் பெயர் இல்லையா?" என்று கேட்டாள். எனக்கு எப்படித் தெரியும்?

அவர் யார்? ஆரம்பத்திலிருந்தே பின்னால்தான் ஆடினாரா, இவளைப் போலத் தள்ளப்பட்டவரா? தெரிந்தவர்கள் சொன்னால் அவளிடம் படித்துக் காட்டுவேன்.

எண்ட்லைன் பதில்:

பெயர் இருக்கிறது அம்மா. எலேனா த்யூரினா. 1971-இல் பிறந்தவர். ஏதென்ஸில் அவருக்கு 33 வயது.

மகளிடம் முதலில் ஒரு கணக்கைச் சொல்லுங்கள். லிபரோ என்கிற இடத்தைச் சர்வதேச ஆட்டத்தில் கொண்டுவந்தது 1998-இல். அப்போது த்யூரினாவுக்கு 27. சிறுவயதில் "நான் லிபரோ ஆக வேண்டும்" என்று அவர் நினைத்திருக்கவே முடியாது, ஏனென்றால் அப்படி ஓர் இடமே கிடையாது. எல்லோரையும் போல முன்வரிசைக்குப் போய், பின்வரிசைக்கு வந்து, முறை வந்தபோது சர்வீஸ் போட்டு வளர்ந்தவராகத்தான் இருந்திருக்க வேண்டும். பாதி வயதுக்கு மேல் ஆடி முடித்தபிறகு புதிதாக ஒரு வேலை வருகிறது: சர்வீஸ் கிடையாது, பிளாக் (எதிராளி அடிப்பதை நெட்டோரம் குதித்துக் கையால் தடுப்பது) கிடையாது, நெட்டுக்கு மேலே இருக்கும் பந்தை அடிக்கவும் கூடாது. விழுகிறதை எடுப்பது மட்டும்தான். உங்கள் மகளுக்குப் பதினைந்து வயதில் சொன்னதை அந்தத் தலைமுறைக்கு ஆடிப் பழகியபின் சொன்னார்கள்.

அந்தத் தலைமுறையில் நானும் ஒருவன், அளவில் சின்னவன். ஓர் அலுவலக அணியில் ஆடிக்கொண்டிருந்தேன். 1999 என்று நினைவு. புது விதி எங்கள் ஊர்ப் போட்டிகளுக்கும் வந்து சேர்ந்தது. அணியிலேயே குள்ளம் நான். கேட்கவே இல்லை, சட்டையை நீட்டிவிட்டார்கள். முதல் ஆட்டத்திலேயே எதிர் அணியின் பந்து எங்கள் நெட்டுக்கு மேலே தத்தளிக்கிறது. பத்து வருடப் பழக்கம், கால் தானாக ஓடிவிட்டது, இரண்டு கையையும் தூக்கிக் குதித்துவிட்டேன். பந்து என் கையில் படவே இல்லை. ஆனாலும் விசில். லிபரோ பிளாக்குக்கு முயன்றாலே தவறு. மைதானத்தைச் சுற்றி உட்கார்ந்திருந்தவர்கள் சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது. ஆகவே வாளிக்குள் சட்டையை எறிகிற பெண்ணின்மேல் எனக்குக் கோபம் இல்லை.

இனி த்யூரினாவின் ரஷ்ய அணி. 2000 சிட்னி ஒலிம்பிக்கில் அது இறுதியாட்டத்துக்கு வந்தது. எதிரில் கியூபா. முதல் செட் ரஷ்யாவுக்கு 27-25. இரண்டாவது செட் 34-32. இன்னும் ஒரே ஒரு செட் போதும். அதற்குப்பிறகு 19-25, 18-25, 7-15. வெள்ளி. நான்கு வருடம் கழித்து ஏதென்ஸ். சீனாவுடன் முதல் இரண்டு செட்டும் 30-28, 27-25 என்று ரஷ்யாவுக்கு. மறுபடியும் ஒரே ஒரு செட் போதும். 20-25, 23-25, 12-15. மறுபடியும் வெள்ளி. ஒரே அணிக்கு ஒரே விதமாக இரண்டு முறை. எழுதும்போது எனக்கே வயிற்றைப் பிசைகிறது.

இரண்டு முறையும் பயிற்சியாளர் நிக்கலாய் கார்போல். இடைவேளையில் அவர் போடும் கூச்சலுக்காகவே உலகம் அவரைத் தெரிந்துவைத்திருந்தது. 1988 சியோல் ஒலிம்பிக்கில் சோவியத் அணிக்கும் அவரேதான் பயிற்சியாளர். அன்று பெரு முதல் இரண்டு செட்டையும் எடுத்து, மூன்றாவதிலும் 12-6 என்று முன்னால் நின்றது. அங்கிருந்து மீண்டு, ஐந்தாவது செட்டை 17-15 என்று பிடித்துத் தங்கம் வாங்கினார்கள். அன்று பெருவுக்கு நடந்தது பிறகு அவருக்கே இரண்டு முறை நடந்தது.

மகள் இறுதியாட்டத்தை மட்டும் பார்த்தால் போதாது. அதற்கு இரண்டு நாள் முன்னால் நடந்த அரையிறுதியைப் பார்க்கச் சொல்லுங்கள். எதிரில் பிரேசில். பிரேசில் இரண்டு செட், ரஷ்யா ஒன்று. நான்காவது செட்டில் பிரேசில் 24-19. ஐந்து பந்தில் ஒன்று ரஷ்யத் தரையில் விழுந்திருந்தாலும் பையைக் கட்டியிருப்பார்கள். விழவில்லை. 28-26 என்று அந்த செட், 16-14 என்று அடுத்தது. ஒலியை நிறுத்திவிட்டுப் பார்க்க வேண்டும். வர்ணனை இருந்தால் கண் அடிக்கிறவரிடமே போகும். பந்தையும் பார்க்க வேண்டாம். த்யூரினாவின் இடுப்பை மட்டும் பார்க்கட்டும். எதிர் அணியின் லிஃப்டர் (அடிக்கிறவருக்குப் பந்தைத் தூக்கிக் கொடுப்பவர்) பந்தைத் தொடும்போதே அது இறங்கிவிட்டதா, எந்தப் பக்கம் திரும்பியிருக்கிறது, குதிகால் தரையில் இருக்கிறதா என்று கவனிக்கட்டும். கை கடைசியில்தான் வருகிறது. கையை வைத்து எடுக்கிறவர்கள் லிபரோ இல்லை.

நெட்டுக்குமேலே பதில்:

ஐயா எழுதியதை மரியாதையோடு படித்தேன். ஆனால் குழந்தையிடம் உள்ளதைச் சொல்ல வேண்டாமா? லிபரோ முக்கியம்தான், மறுக்கவில்லை. ரஷ்யா ஜெயித்தது உயரத்தால். எகாதெரினா கமோவா 2 மீட்டருக்கு மேல். பெண்களுக்கு நெட் 2.24 மீட்டர். கையைத் தூக்கினாலே எங்கே இருக்கும் என்று பார்த்துக்கொள்ளுங்கள். 2010 உலக சாம்பியன்ஷிப் இறுதியில் தனி ஆளாக 35 புள்ளி எடுத்தார். அன்றைக்கு ரஷ்ய லிபரோ எடுத்த புள்ளி எத்தனை? பூஜ்யம். யார் பெயரை வர்ணனையாளர் சொல்வார்?

நான் ஒன்பது வருடம் அட்டாக்கர். பின்னாலிருந்து எத்தனையோ மோசமான பந்து வந்திருக்கிறது. அதையும் அடித்துத்தான் ஆக வேண்டும்.

எண்ட்லைன் பதில்:

ஒன்பது வருடம் உங்களுக்குப் பின்னால் நின்றவர் யார் என்று பெயர் நினைவிருக்கிறதா? இருந்தால் எழுதுங்கள். விவாதத்தைத் தொடரலாம்.

அந்த 35 புள்ளியை எடுத்துக்கொள்வோம், எனக்கு வசதியானது அதுதான். 2010 நவம்பர், டோக்கியோ. பிரேசிலோடு ஐந்து செட். 21-25, 25-17, 20-25, 25-14, 15-11. கமோவா ஆட்டத்தின் நாயகி, தொடரின் சிறந்த ஆட்டக்காரியும் அவரே. எனக்கும் அதில் மறுப்பில்லை. ஆனால் கமோவா அடிக்க வேண்டுமானால் பந்து லிஃப்டர் கைக்குப் போக வேண்டும். லிஃப்டர் நின்ற இடத்திலேயே எடுக்கிற மாதிரி போனால் எதிர் அணியின் பிளாக்கர்கள் யாரிடம் வரும் என்று தெரியாமல் நடுவில் தவிப்பார்கள். லிஃப்டரைப் பின்னால் துரத்துகிற மாதிரி போனால், உயரமாகக் கமோவாவுக்குத்தான் வரப்போகிறது என்று அரங்கத்தில் கடலை விற்கிறவனுக்கும் தெரியும். இரண்டு மூன்று பேர் போய் நிற்பார்கள். அதையும் கமோவா அடிப்பார், அதனால்தான் அவர் கமோவா. எல்லாப் பந்தையும் அப்படி அடிக்க அவராலும் முடியாது.

அந்த அணியின் லிபரோ ஸ்வெத்லானா கிரியுச்கோவா. 1985-இல் பிறந்தவர். 2006-இலும் உலக சாம்பியன், 2010-இலும் உலக சாம்பியன். 2006 இறுதி ஒசாகாவில், அதுவும் பிரேசிலோடு, அதுவும் ஐந்து செட், கடைசி 15-13. அப்போது இந்தப் பெண்ணுக்கு வயது 21. பயிற்சியாளர் இத்தாலிக்காரர் ஜியோவானி கப்ரரா, கார்போலின் கூச்சலுக்குப் பழகிய காதுகளுக்குப் புதுக் குரல். 2010-இல் விளாதிமிர் குஸ்யூத்கின். பயிற்சியாளர் மாறினார், லிஃப்டர் மாறினார், பின்வரிசையில் கிரியுச்கோவா இருந்தார்.

கணக்குப் போட்டுப் பாருங்கள். 2000, 2004, 2006, 2010. நான்கு பெரிய இறுதியாட்டம், நான்கும் ஐந்தாவது செட் வரை. த்யூரினாவுக்கு ஏதென்ஸில் வெள்ளி, கிரியுச்கோவாவுக்கு இரண்டு தங்கம். ஒருவர் மோசம், மற்றவர் நல்லவர் என்று யாராவது சொன்னால் நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். ஏதென்ஸில் கடைசி செட் மூன்று புள்ளியில் போனது. ஒசாகாவில் இரண்டு புள்ளியில் வந்தது. த்யூரினாவைத்தான் எனக்கு அதிகம் பிடிக்கும். விதி வந்தபின் கற்றுக்கொண்டவர் அவர். கிரியுச்கோவாவுக்கு 1998-இல் வயது 13, விதியோடு வளர்ந்தவர். இது என் தனிப்பட்ட சார்பு, மறைக்கவில்லை.

இன்னொன்று. ரஷ்யாவைப் போன்ற உயரமான அணிக்குத்தான் லிபரோ அதிகம் தேவை என்பது என் கட்சி. இரண்டு மீட்டர் ஆள் முழங்கால் உயரத்துக்கு வரும் பந்துக்குக் குனிவதை நீங்கள் பார்த்ததில்லையா? கதவு மடங்குகிற மாதிரி இருக்கும். எதிரணி சர்வீஸ் போடுகிறவர்கள் முட்டாள்களா என்ன, அவர்களைப் பார்த்துத்தான் போடுவார்கள். அந்தப் பந்துக்குக் குறுக்கே ஒருவர் ஓடி வந்து, "எனக்கு" என்று கத்தி, தன்னுடையதாக்கிக்கொள்ள வேண்டும். உங்கள் பூஜ்யத்துக்கு அர்த்தம் இதுதான். சர்வீஸ் போடாத, பிளாக் செய்யாத, நெட்டுக்கு மேலே அடிக்காத ஆளுக்குப் புள்ளி எங்கிருந்து வரும்? எடுத்த பந்து தப்பித்தவறி எதிர்ப்பக்கம் போய் விழுந்தால் உண்டு.

நெட்டுக்குமேலே பதில்:

பெயர் நினைவிருக்கிறது ஐயா. இங்கே எழுத வேண்டாம் என்று பார்க்கிறேன், அவர் இதையெல்லாம் படிக்கிறவர். முட்டியில் எப்போதும் ரத்தக் காயம் இருக்கும் அவருக்கு. சிமெண்ட் தரையில் ஆடினோம்.

2010 பற்றி நான் சொன்னதைத் திரும்பப் பெறவில்லை.

மாடிவீடு:

இருவருக்கும் நன்றி. நேற்று இரவு முழுவதையும் படித்துக் காட்டினேன். விசில் ஊதிய இடத்தில் சிரித்தாள். "அந்த மாமா பாவம்" என்றாள். பிறகு, 27 வயதில் மாறினாரா என்று இரண்டு முறை கேட்டாள்.

அவளிடமிருந்து இரண்டு கேள்விகள், அவள் சொன்னபடியே எழுதுகிறேன். ஒன்று: மூன்று மீட்டர் கோட்டுக்கு முன்னால் நின்று விரலால் தூக்கிக் கொடுத்தால் விசில் ஊதுகிறார்கள். ஆனால் சில தடவை ஊதுவதில்லை. ஏன்? இரண்டு: அடிக்கடி வெளியே போய் நிற்கச் சொல்கிறார்கள், அது தண்டனையா? மற்றவர்கள் ஆடும்போது தான் மட்டும் கோட்டுக்கு வெளியே நிற்பது அவளுக்குப் பிடிக்கவில்லை.

விசில் பதில்:

நான் நடுவர். பெரிய ஆட்டங்கள் இல்லை, மாவட்ட அளவு. முதல் கேள்விக்கு நான் சொல்கிறேன்.

லிபரோ முன்பகுதியில் நின்று விரலால் தூக்குவது தவறே இல்லை. அந்தப் பந்தை, அது முழுவதும் நெட்டுக்கு மேலே இருக்கும்போது கூட ஆடுகிறவர் அடித்தால்தான் தவறு. அடிக்காமல் மெதுவாகத் தள்ளிவிட்டாலும், பந்து நெட் உயரத்துக்கு மேலே இருந்து எதிர்ப்பக்கம் போனால் அதுவும் அடித்த கணக்குத்தான். நெட்டுக்குக் கீழே இறங்க விட்டு அனுப்பினால் விசில் கிடையாது. சில தடவை ஊதவில்லை என்றால் அதுதான் காரணமாக இருக்கும். இன்னொரு காரணம் நடுவர் பார்க்காமல் விட்டது. அதை நான் சொல்லக் கூடாது.

அதே இடத்தில் கையைச் சேர்த்துக் கீழிருந்து தூக்கினால் எந்தத் தடையும் இல்லை, தாராளமாக அடிக்கலாம். விரலால்தான் கொடுக்க வேண்டும் என்றால் கோட்டுக்குப் பின்னாலிருந்து எம்பி, காற்றில் இருக்கும்போதே கொடுக்கலாம். எம்பிய கால் கோட்டை மிதிக்கக் கூடாது. பெரிய ஆட்டங்களில் லிபரோக்கள் இதைச் செய்வதைப் பார்க்கலாம். அவளுக்கு ஒரு வருடம் ஆகும், அவசரப்பட வேண்டாம்.

எண்ட்லைன் பதில்:

இரண்டாவது என்னுடையது.

தண்டனை இல்லை. லிபரோ பெரும்பாலும் யாருக்குப் பதிலாக உள்ளே வருகிறார்? நடுவில் நிற்கும் இரண்டு பிளாக்கர்களுக்கு. அவர்கள் முன்வரிசையில் இருக்கும்வரை உயரம் வேண்டும். பின்வரிசைக்குப் போனதும் லிபரோ வேண்டும். சுழற்சியில் ஒருவர் முன்னே போகும்போது மற்றவர் பின்னே வந்து சர்வீஸ் போடுவார். லிபரோ சர்வீஸ் போட முடியாது, அதனால் அந்தச் சமயத்தில் மட்டும் வெளியே. அந்தப் பிளாக்கர் சர்வீஸை இழந்ததும் உடனே உள்ளே. அதற்கு மாற்று ஆள் கணக்கும் கிடையாது, எத்தனை முறை வேண்டுமானாலும் போய் வரலாம். ஒரு முறை மாறியதற்கும் அடுத்த முறை மாறுவதற்கும் நடுவில் ஒரு பந்தாவது ஆடியிருக்க வேண்டும், அவ்வளவுதான்.

அதாவது அது ஓர் ஓய்வு, சின்ன ஓய்வு. பிளாக்கர் சர்வீஸை நெட்டில் அடித்துவிட்டால் மூச்சு வாங்கக்கூட நேரம் இருக்காது. நான் அந்த நேரத்தில் எதிர் அணியின் சர்வீஸ் வரிசையைப் பார்ப்பேன். அடுத்து யார் போடப்போகிறார், பந்தைத் தரையில் எத்தனை முறை தட்டுகிறார், எந்தக் காலை முன்னே வைக்கிறார். உள்ளே நின்றால் இதெல்லாம் தெரியாது. ஏதென்ஸ் ஆட்டத்தில் த்யூரினா வெளியே நிற்கும்போது எங்கே பார்க்கிறார் என்று படக்கருவி காட்டும் இடங்களில் கவனிக்கச் சொல்லுங்கள். எதிர்ப்பக்கம் சீனாவின் லிபரோ சாங் நா இருப்பார், அவரையும் பார்க்கட்டும். தங்கம் அவருக்குத்தான் போனது.

பிறகு அந்தச் சட்டை விஷயம். தோள் தொங்கினால் பந்து எடுக்கும்போது துணி முன்னங்கையில் விழுந்து பந்து வழுக்கும். கோபத்துக்காகச் சொல்லவில்லை, இது ஆட்டப் பிரச்சினை. கையை நான்கு விரற்கடை உள்ளே மடித்து ஒரு தையல் போட்டுக் கொடுங்கள். பையன்கள் திருப்பிக் கேட்டால் பிரித்துக்கொள்ளலாம்.

மாடிவீடு:

தைத்துவிட்டேன் ஐயா. நீங்கள் சொன்னது நான்கு விரற்கடை, எனக்கு ஆறு தேவைப்பட்டது.

அரையிறுதியைத் தேடி எடுத்துவிட்டாள். ஒலியை நிறுத்திவிட்டுத்தான் பார்க்கிறாள், அதனால் நானும் தூங்க முடிகிறது. த்யூரினா எத்தனை முறை வெளியே போய் உள்ளே வருகிறார் என்று நோட்டில் கோடு போட்டுக்கொண்டே வந்தாள். இரண்டாவது செட்டில் எங்கோ எண்ணிக்கை தவறிவிட்டதாம். முதலிலிருந்து போட்டிருக்கிறாள்.